ஏழாவது கோடு

லிப்னாவா,
1788 மார்ச் 9

என் கணவர் மத்தூஷ் அவர்களுக்கு,

இயேசு கிறிஸ்துவுக்குப் புகழ். இங்கே நானும் குழந்தை அப்பொலேனாவும் உயிரோடு இருக்கிறோம். நலம் என்று எழுதக் கை வரவில்லை. நீங்கள் சாவா ஆற்றங்கரை முகாமுக்குப் போய்ச் சேர்ந்துவிட்டீர்களா, இன்னும் நடந்துகொண்டுதான் இருக்கிறீர்களா என்றுகூடத் தெரியவில்லை. பட்டாளத்துக்கு மாவு ஏற்றிப்போகும் வண்டிக்காரர் ஹவெல் இதைக் கொண்டுவந்து சேர்ப்பதாகச் சொல்லியிருக்கிறார்.

நீங்கள் புறப்பட்ட அன்று நான் வாசலுக்கு வரவில்லை என்று என் அண்ணன் புரோகோப் இன்னமும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறார். வரவில்லைதான். அதற்கு முன் ஆறு நாள் உங்களோடு ஒரு வார்த்தை பேசாமல் கஞ்சிக் கிண்ணத்தை மட்டும் முன்னால் வைத்துவிட்டுப் போனேன், அதையும் இல்லை என்று சொல்லமாட்டேன். பதினோரு வருஷம் இந்த அரண்மனை வாத்தியக் குழுவில் இரண்டாம் கொம்பு ஊதியவரின் பெண்டாட்டி நான். இன்று தண்ணீர் எடுக்கப் போனால் சமையல்கட்டுப் பெண்கள் விரலை மடக்கி ஒன்று, இரண்டு என்று எண்ணிக் காட்டிச் சிரிக்கிறார்கள். எனக்கு வயிறு எரியாதா?

மனசில் இருப்பதைக் கொட்டிவிடுகிறேன். உங்களைப் பட்டாளத்துக்குத் தூக்கிக் கொடுத்தது பிரபுவும் இல்லை, அந்தத் தளபதியும் இல்லை, உங்கள் கவனக்குறைவு. இருபத்தெட்டுத் தாளக்கட்டு ஊதாமல் சும்மா இருக்கவேண்டிய இடத்தில் இருபத்துநாலு முடிந்ததும் ஊதிவிட்டீர்கள். அந்தத் தாளைப் படியெடுத்துக் கொடுத்தவள் நான்தானே? தடித்த மௌனக்கோடு ஒன்றுக்கு நான்கு தாளக்கட்டு. ஏழு கோடு. கோடுகளுக்கு மேலே இருபத்தெட்டு என்று எண்ணிலும் எழுதியாகிவிட்டது. இதற்குமேல் ஒரு மனுஷருக்கு என்ன எழுதிக் கொடுப்பது? அப்பொலேனாவுக்கு ஐந்து வயது, அவளே இருபத்தெட்டு வரை எண்ணிவிடுவாள்.

வேறு எங்கே தப்பியிருந்தாலும் தொலைகிறது என்று விட்டிருப்பார்கள். போருக்குப் புறப்படும் தளபதி விருந்துக்கு வருகிறார், போன வருஷம் மனைவியைப் பறிகொடுத்தவர், அவருக்காகவே இந்த சிம்பொனியின் மெதுவான இரண்டாம் பகுதியை எழுதினேன் என்று இசைத்தலைவர் ஸைட்லர் ஐயா எல்லோரிடமும் சொல்லியிருந்தார். பிடில்கள் தேய்ந்து தேய்ந்து ஒரே ஒரு பிடில் மிஞ்சி, அதுவும் அடங்கப்போகிற நேரம். பின்கதவருகே பணிப்பெண்களோடு நானும் நின்றிருந்தேன். தளபதி கைக்குட்டையை எடுத்துவிட்டார். அப்போதா உங்கள் கொம்பு கன்றுக்குட்டி மாதிரி கத்தவேண்டும்? ஒரு சீமாட்டி களுக்கென்று சிரித்தாள், அவளைப் பார்த்து அந்த வரிசையே சிரித்தது. தளபதி எழுந்து நின்று, "எண்ணத் தெரியாதவன என்கிட்ட அனுப்புங்க, நான் எண்ணக் கத்துத் தர்றேன்" என்று சொல்லிவிட்டு வெளியே போய்விட்டார். பிரபு தாளை வாங்கிப் பார்த்தார். தாளில் சரியாக இருபத்தெட்டு இருந்தது. அதோடு உங்கள் கதை முடிந்தது.

உங்கள் அப்பாவின் காலமாக இருந்தால் இது ஒரு விஷயமே இல்லை. அப்போது சிம்பொனி என்றால் ஜனங்களை உட்காரவைக்கப் போடும் சத்தம் என்று மாமாவே சொல்லுவார். மூன்று சின்னத் துண்டுகள். நாற்காலி இழுபடும், சீட்டாட்டம் நடக்கும், சாக்லேட் கேட்டு மணியடிப்பார்கள். கொம்புக்காரர்கள் பிடிலுக்குப் பின்னால் நின்று ஒப்புக்கு ஊதிக்கொண்டிருந்தால் போதும். இப்போது நான்கு பகுதி, அரைமணி நேரம், இருமக்கூடப் பயப்படுகிறார்கள். கொம்புக்கென்று தனி வாக்கியம் கொடுத்தார்கள், தனி மௌனமும் கொடுத்தார்கள். "இப்பத்தான் எங்களையும் மனுஷனா மதிச்சு எழுதுறாங்க, தோரோத்தா" என்று நீங்களே பூரித்துப்போவீர்கள். பாட்டு வளர்ந்தது, அதில் தப்பு செய்ய மனுஷருக்கு இடமில்லாமல் போனது. மதித்த லட்சணத்தைப் பார்த்தீர்களா?

அப்பொலேனாவின் கக்குவான் இருமல் குறைந்திருக்கிறது. விருந்துக்கு முந்தின மூன்று நாளும் அவளை மடியில் போட்டுக்கொண்டுதான் முழு சிம்பொனியையும் படியெடுத்தேன். மை காயுமுன் ஒவ்வொரு தாளாகப் பிடுங்கிக்கொண்டு போனார்கள், ஒத்திகைக்குக்கூட நேரமில்லை. தவக்காலம் என்பதால் இங்கே பட்டாணியும் பார்லிக் கஞ்சியும்தான். குதிரை லாயத்துக்கு மேலே நம் அறையை விட்டுவைத்திருக்கிறார்கள். அது படியெடுப்பவள் என்று எனக்குத் தந்த அறை, எனக்குத் தந்த விறகு. நான் ஒருத்தியாவது ஒழுங்காக வேலை செய்ததால் குழந்தையின் தலைக்கு மேலே கூரை இருக்கிறது.

அண்ணன் பாடு பெரும்பாடு. கொம்புக்காரர்களை எங்கேயும் ஜோடியாகத்தான் வேலைக்கு எடுப்பார்கள். நீங்கள் போனபின் முதல் கொம்பு அவர் கையில் சும்மா கிடக்கிறது. "ஒத்த மாட்ட எவன் வண்டில பூட்டுவான்?" என்று சுவரைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார். உங்களைப் பற்றி நான் ஏதாவது சொன்னால் எழுந்து போய்விடுகிறார்.

கம்பளிக் காலுறை ஒரு ஜோடி அனுப்பியிருக்கிறேன். கால் நனைந்தால் உடனே மாற்றுங்கள். என் கோபம் ஆறாமல் நான் எழுதப்போவதில்லை. நீங்களும் அவசரப்பட்டு எழுதவேண்டாம்.

கோபத்தோடு,
உங்கள் மனைவி
தோரோத்தா


லிப்னாவா,
1788 ஜூலை 27

என் மத்தூஷுக்கு,

முதல் கடிதத்தைக் கிழித்து நெருப்பில் போடுங்கள். இதற்குமேல் ஒரு வரி படிக்குமுன் அதைச் செய்யுங்கள். இயேசு மரியே, அதில் என்னவெல்லாம் எழுதிவிட்டேன்!

நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன், இல்லாவிட்டால் அழுது தாளைக் கெடுத்துவிடுவேன். பிரபு வியன்னாவுக்குப் போய்விட்டார். போர்க்காலத்தில் பாட்டு எதற்கு என்று வாத்தியக் குழுவைக் கலைத்துவிட்டார். பிடில் வாசித்தவர்கள் மறுபடி பந்தி பரிமாறவும் குதிரை தேய்க்கவும் போய்விட்டார்கள். பாட்டுத் தாள்களையெல்லாம் ஒரு மடத்துக்கு அனுப்பப்போகிறார்கள் என்றும், கட்டிவைக்கும் வேலை என்னுடையது என்றும் ஸைட்லர் ஐயா சொன்னார். ஒரு வாரமாக இசைக்கூடத்துத் தரையில் உட்கார்ந்து கட்டிக்கொண்டிருக்கிறேன். நூற்றைம்பது சிம்பொனிக்கு மேல் இருக்கும்.

நான் எழுதிய பாட்டை நான் முழுசாகக் கேட்டதே குறைவு, அது உங்களுக்குத் தெரியும். முதல் பிடிலைத் தனியாக எழுதுவேன், ஓபோவைத் தனியாக, கொம்பைத் தனியாக. ஒவ்வொன்றும் தனியாகப் பார்த்தால் அரைகுறைப் பேச்சு. பின்கதவருகே நின்று எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து வருவதைக் கேட்கும்போதுதான் அது முழுப் பேச்சாகும். முதல் பகுதியில் ஒரு மெட்டு வீட்டிலிருந்து புறப்படும், இன்னொரு மெட்டு வேறு சுருதியில் வந்து அதோடு மல்லுக்கு நிற்கும், இரண்டும் எங்கெங்கோ அலைந்து கிழிபட்டுக் கடைசியில் முதல் மெட்டின் வீட்டிலேயே இரண்டும் குடியேறும். பாத்திரம் தேய்க்கிற பெண்கள்கூட அந்த இடத்துக்காகக் கை ஈரத்தோடு ஓடிவருவார்கள். பிரித்துப் பிரித்து எழுதியவள் நான். எனக்கும் அந்த இடம் வந்தால் கண் நிறையும்.

போன செவ்வாய்க்கிழமை தளபதிக்காக எழுதிய அந்த சிம்பொனி கையில் வந்தது. எரிச்சலோடு அதன் கட்டை அவிழ்த்தேன். இரண்டாம் கொம்புத் தாளை எடுத்து மௌனக்கோடுகளைப் பார்த்தேன். ஆறு கோடு என் கோடு. நான் மெல்லிய முனையால் நேராக இறக்குவேன், எனக்கு என் கையெழுத்து தெரியாதா? ஏழாவது கோடு சாய்ந்து நிற்கிறது. முனை மழுங்கிய பேனா, பழுப்பு மை. மேலே உள்ள எண்ணில் இரண்டு என்னுடையது. எட்டு என்னுடையது இல்லை. நான் போட்ட நாலின் மேல் இன்னொரு கை எட்டை எழுதியிருக்கிறது. உங்கள் கை, மத்தூஷ். நீங்கள் எட்டு போட்டால் மேல் வயிறு கீழ் வயிற்றைவிடப் பெரிதாக இருக்கும். நான் எத்தனை முறை கேலி செய்திருக்கிறேன்!

அந்தத் தாளை எடுத்துக்கொண்டு அண்ணனிடம் ஓடினேன். பார்த்ததுமே அவர் முகம் மாறிவிட்டது. கையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டு போனீர்களாமே. அரைமணி நேரம் நான் கத்திய பிறகுதான் வாய் திறந்தார். "மாப்பிள்ள சரியாத்தான் எண்ணினாரு. நானும் கூடவே எண்ணிட்டிருந்தேன். இருபத்துநாலுல அவரு கொம்ப எடுக்கறதப் பாத்து முழங்காலால இடிச்சேன், அதுக்குள்ள ஊதிட்டாரு" என்றார். தளபதி எழுந்து போன கலவரத்தில் நீங்கள் இருவரும் பக்கத்து அறையில் இரண்டு தாள்களையும் சேர்த்து வைத்துப் பார்த்தீர்களாம். அவர் தாளில் ஏழு, உங்கள் தாளில் ஆறு. அரண்மனைக் கணக்கெழுதும் பட்டோலைக்காரர் மேஜையில் கிடந்த பேனாவை எடுத்து நீங்கள் கோடு போட்டீர்களாம். "அவ மூணு நாளாத் தூங்கல. என்னைத் திட்டினா ஒரு நாளோட போச்சு. அவ வேலை போச்சுன்னா புள்ளைக்கு அடுப்பு ஏது, கூரை ஏது?" என்று சொன்னீர்களாம். தளபதி சொன்னதை வெறும் கோபப் பேச்சு என்றே எடுத்துக்கொண்டீர்களாம், நிஜமாகவே பட்டாளத்துக்கு அனுப்புவார்கள் என்று உங்கள் இருவருக்குமே தோன்றவில்லையாம்.

ஆறு நாள் நான் பேசாமல் கஞ்சி வைத்தேனே, அப்போது சொல்லியிருக்கலாமே! "சொல்லிடட்டுமான்னு நான் கேட்டேன். வேணாம் மச்சான், அவளுக்குக் கை நடுங்க ஆரம்பிச்சா அப்புறம் எழுதவே வராது, கோவத்துல இருக்கட்டும், கோவத்துல நல்லா இருப்பா-ன்னுட்டாரு" என்றார் அண்ணன். நான் அவரையும் அடித்தேன், என்னையும் அடித்துக்கொண்டேன். அப்பொலேனா பயந்து மேஜைக்கடியில் போய் உட்கார்ந்துகொண்டாள்.

தப்பு என்னுடையது. ஒரு கோடு விட்டுவிட்டேன், பிறகு நான் போட்ட கோடுகளையே எண்ணி மேலே எண்ணை எழுதிவிட்டேன். தப்பை வைத்தே தப்பைச் சரிபார்த்தேன். நாளைக்கே ஸைட்லர் ஐயாவிடமும் பட்டோலைக்காரரிடமும் போய்ச் சொல்லப்போகிறேன். அறையைப் பிடுங்கிக்கொண்டால் பிடுங்கிக்கொள்ளட்டும். உங்களைத் திருப்பி அனுப்பச் சொல்லித் தளபதிக்கு மனு எழுதவைப்பேன். அதுவரை உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். ஆற்றுத் தண்ணீரைக் காய்ச்சாமல் குடிக்காதீர்கள். ஒரே ஒரு வரி எழுதுங்கள். திட்டியாவது எழுதுங்கள்.

உங்கள் காலில் விழுந்து,
தோரோத்தா


லிப்னாவா,
1788 அக்டோபர் 5

என் உயிரான மத்தூஷுக்கு,

நீங்கள் இருக்கிறீர்கள் என்று வைத்துக்கொண்டுதான் எழுதுகிறேன். வேறு விதமாக எழுத எனக்குத் தெரியவில்லை.

ஸைட்லர் ஐயாவிடம் போய்ச் சொன்னேன். தாளை வாங்கிப் பார்த்தார், கண்ணாடியைக் கழற்றினார். "குழுவே இல்லம்மா இப்போ. இனிமே யாரு தப்பு பண்ணியிருந்தா என்ன?" என்றார். தப்பை ஒப்புக்கொள்வதற்குக்கூட ஆள் கிடைக்கவில்லை எனக்கு. பட்டோலைக்காரர் சிரித்தே விட்டார். "ஒரு கோட்டுக்கா இம்புட்டு அழுகை? போ போ, போருன்னு வந்தா அவன் இல்லாட்டி இன்னொருத்தன் போயிருப்பான்" என்றார். ஆனாலும் மனு எழுதிக் கொடுத்தார். அது தளபதியின் கைக்குப் போனதா என்று தெரியாது. பதில் இல்லை. அறையை யாரும் பிடுங்கவில்லை. பிடுங்கியிருந்தால் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

வண்டிக்காரர் ஹவெல் செப்டம்பர் கடைசியில் திரும்பி வந்தார். ஊரே பிளம் பழத்தை அண்டாவில் போட்டுக் கிண்டிக்கொண்டிருந்தது. நானும் துடுப்போடு நின்றிருந்தேன். என்னைப் பார்த்ததும் சாவுச் செய்தி சொல்பவர் போலத் தொப்பியைக் கழற்றிவிட்டார், நான் துடுப்பைக் கீழே போட்டேன். "பயப்படாதம்மா, நான் பாத்தப்ப உசுரோடதான் இருந்தாரு" என்றார். ஒரு துருக்கியனைக்கூடப் பார்க்காமல் பாதிப் பட்டாளம் காய்ச்சலில் கொட்டகைகளில் வைக்கோல் மேல் கிடக்கிறதாம். சதுப்பு நிலம், கொசு, கெட்ட தண்ணீர். கொம்பு ஊதுபவர்களும் முரசு அடிப்பவர்களும்தான் பிணம் தூக்குகிறார்களாம். நீங்களும் தூக்கினீர்களாம், பிறகு நீங்களும் படுத்துவிட்டீர்களாம்.

என் இரண்டாம் கடிதம் உங்களுக்கு வரவில்லை. அதை இன்னொரு வண்டியில் கொடுத்தனுப்பினேன். அந்த வண்டிக்காரன் பாதி வழியிலேயே காய்ச்சலில் செத்துவிட்டானாம். உங்களிடம் இருப்பது முதல் கடிதம் ஒன்றுதான்.

அதை நீங்கள் கிழிக்கவில்லை, மறைக்கவும் இல்லை. பக்கத்தில் கிடப்பவர்களுக்குப் படித்துக் காட்டினீர்களாம். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள், வீட்டுக் கடிதமே வராதவர்கள், "உன் பொண்டாட்டி என்ன எழுதியிருக்கா, இன்னொரு தடவ படிப்பா" என்று கேட்பார்களாம். "பாத்தீங்களா, எப்புடித் திட்டுறா! இவ்வளவு தெம்பாத் திட்டுறான்னா வீட்டுல எல்லாரும் நல்லா இருக்காங்கன்னு அர்த்தம்" என்று சொல்லிச் சிரிப்பீர்களாம். குழந்தைகூட எண்ணிவிடுவாள் என்று எழுதினேன் அல்லவா, அந்த இடத்தில் எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்களாம். அதிலிருந்து உங்களுக்கு அங்கே மத்தூஷ் என்ற பெயரே இல்லையாம். "இருபத்தெட்டு" என்றுதான் கூப்பிடுகிறார்களாம். "இருபத்தெட்டு, தண்ணி வேணுமா? இருபத்தெட்டு, இன்னைக்கு எப்புடி இருக்கு?" ஹவெல் இதை வேடிக்கையாக நினைத்துத்தான் சொன்னார். நான் அண்டாவருகிலேயே உட்கார்ந்துவிட்டேன். அடிப்பிடித்தது, எல்லோரும் என்னைத் திட்டினார்கள்.

அண்ணன் ப்ர்னோ நகருக்குப் போய் இரண்டு இடத்தில் வேலை கேட்டார். உங்கள் ஜோடி எங்கே என்று கேட்டார்களாம். வேறு ஒருவரைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று நானே சொன்னேன். "அவரு வந்து கேட்டா என்ன பதில் சொல்லுவேன்?" என்று திரும்பி வந்துவிட்டார். இப்போது மரம் வெட்டப் போகிறார்.

இனி எழுதவேண்டியதை எழுதிவிடுகிறேன். போன ஞாயிற்றுக்கிழமை பங்குச் சாமியாருக்கு முகாமிலிருந்து இறந்தவர்கள் பட்டியல் வந்தது. அதில் ஒரு வரி: மத்தியா, வாத்தியக்காரர், இரண்டாம் கம்பெனி, காய்ச்சல். ஊர்ப் பெயர் இல்லை. சாமியார் என்னைத் தனியாகக் கூப்பிட்டுக் காட்டினார். "மத்தூஷ்னா மத்தேயு. மத்தியா வேற அப்போஸ்தலர், வேற பேரு. ஆனா எழுதினவன் ஜெர்மன்காரன், அவனுக்கு நம்ம பேரு ரெண்டும் ஒண்ணுதான். நான் என்னன்னு சொல்லட்டும்மா?" என்றார். இறந்தோர் பூசை வைக்கவா என்று கேட்டார். வேண்டாம் என்று கத்தினேன். பிறகு வைக்காமல் விட்டால் உங்கள் ஆத்துமா என்ன ஆகும் என்று பயந்து திரும்பிப் போனேன். பாதி வழியில் மறுபடி வீட்டுக்கு வந்துவிட்டேன்.

அந்தப் பட்டியலைப் படியெடுத்தவன் யாரோ. அவன் மடியில் குழந்தை இருந்ததா, மூன்று நாள் தூங்காமல் இருந்தானா, எனக்குத் தெரியாது. அவன் ஒரு எழுத்தை மாற்றி எழுதினானா, சரியாகத்தான் எழுதினானா என்று யாராலும் எனக்குச் சொல்ல முடியவில்லை. அவன் சரியாக எழுதியிருக்கவேண்டும் என்று ஜெபமாலை சொல்கிறேன். அப்படியென்றால் செத்தது வேறொரு மத்தியா, அவனுக்கும் ஒரு மனைவி எங்கேயோ இருப்பாள். இப்படி வேண்டுவது பாவம் என்று தெரியும். இந்தப் பாவத்தையும் சேர்த்துக்கொள்கிறேன்.

ஹவெல் நாளை மறுபடி புறப்படுகிறார். "போயிட்டுத் திரும்பி வருவேனான்னு தெரியாது, எழுதறத சுருக்கா எழுது" என்றார். எனக்குச் சுருக்கமாக எழுதத் தெரியவில்லை.

மத்தூஷ், நீங்கள் சரியாக எண்ணினீர்கள். கோட்டை விட்டவள் நான். எனக்காக நீங்கள் பேனா எடுத்தது எனக்குத் தெரியும். நீங்கள் பிழைத்து வந்தால் வாழ்நாள் முழுக்க உங்கள் முன்னால் குரலை உயர்த்தமாட்டேன் என்று எழுத நினைத்தேன், அதை நீங்கள் நம்பமாட்டீர்கள். பிழைத்து வாருங்கள். வந்தால் போதும்.

அவரால் தானே படிக்க முடியாமல் இந்தக் கடிதத்தை அவருக்குப் படித்துச் சொல்லப்போகிற ஐயா, நீங்கள் யாராக இருந்தாலும் கடவுள் உங்களைக் காப்பாற்றட்டும். உங்களிடம் ஒன்று கேட்கிறேன். அவர் காதருகே குனிந்து மெதுவாகப் படிக்காதீர்கள். அந்தக் கொட்டகை முழுக்கக் கேட்கும்படி சத்தமாகப் படியுங்கள். என் முதல் கடிதத்தைக் கேட்டுச் சிரித்தவர்கள் எத்தனை பேர் மிச்சமிருக்கிறார்களோ அத்தனை பேருக்கும் கேட்கவேண்டும். அவருடைய இடத்தில் வேறு யாராவது படுத்திருந்தாலும் நிறுத்தாதீர்கள், படியுங்கள். அவர் பெயர் மத்தூஷ் என்று சொல்லுங்கள்.

அவருடைய மனைவி,
தோரோத்தா